ஒரே மைக், இரண்டு நடிகர்கள்: சரஸ்வதி தேவியின் மெட்டுகள்

நேயர்களுக்கு வணக்கம்.

1936இல் வெளிவந்த ‘அச்சுத் கன்யா’ இந்திப் படத்தில் அசோக் குமாரும் தேவிகா ராணியும் மரக்கிளையில் உட்கார்ந்து பாடும் ‘மே பன் கி சிடியா’ பாட்டைக் கேட்பவர்கள், “இதென்ன, குழந்தைப் பாட்டு மாதிரி இருக்கிறதே!” என்பார்கள். மெட்டமைத்தவர் சரஸ்வதி தேவி. இசையறிஞர் பாத்கண்டேயிடம் இந்துஸ்தானி சங்கீதம் பயின்றவர். விஸ்தாரமாக ராகம் பாடத் தெரிந்தவர் இப்படியொரு மெட்டை ஏன் போட்டார் என்றால், அன்று பாட்டுப் பதிவான விதத்தைப் பார்க்க வேண்டும்.

காமிரா ஓடும்போதே நடிகர் பாட வேண்டும். வாத்தியக்காரர்கள் காட்சிக்குள் தெரியாமல் ஒதுங்கி உட்கார்ந்து வாசிப்பார்கள். எல்லாவற்றுக்கும் பெரும்பாலும் ஒரே மைக். ஒலியைத் தனித்தனியாகக் கூட்டிக் குறைக்க வழியில்லை. யார் எவ்வளவு தள்ளி உட்காருகிறார் என்பதுதான் கணக்கு. தபலா நெருங்கினால் அதன் இடப்பக்க டக்காவின் அதிர்வு குரலை விழுங்கிவிடும். ஆர்மோனியம் தள்ளிப்போனால் பாடுபவருக்குச் சுருதி நழுவும். காட்சியை அகலமாக எடுக்க நினைத்தால் மைக் பின்வாங்க வேண்டும், குரல் மெலிந்துவிடும். ஆகவே உட்கார்ந்தபடி பாடுவது ஒலிப்பதிவாளருக்குப் பெரிய சௌகரியம்.

பிலிம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். மூன்று நிமிடப் பாட்டுக்கு 270 அடி. கடைசிச் சரணத்தில் ஒருவர் தாளம் தப்பினால் அத்தனையும் வீண். ஒலியும் பிலிமில்தான் பதிவானது. லாபில் கழுவிய பிறகே சரியாக வந்ததா என்று கேட்க முடியும்.

இத்தனைக்கும் நடுவே பாட வேண்டியவர் யார்? படத்தை எடுத்த பாம்பே டாக்கீஸ் ஸ்டூடியோவின் லாபில் வேலை பார்த்து, நடிக்க அழைத்து வரப்பட்ட அசோக் குமார்! பயின்ற பாடகரல்ல. அவருக்கு ஒரே ஸ்வரத்தில் நிற்கும் நீண்ட கார்வை கொடுத்தால் சுருதி ஆடும்; வேகமாக உருளும் பிருகா கொடுத்தால் சிதறும். எனவே சின்னச் சின்னச் சொற்கட்டு, எழுத்துக்கு ஒரு ஸ்வரம், மூச்சு வாங்க வரிக்கு வரி இடைவெளி. தெரிந்த சங்கீதத்தை அளந்து நிறுத்துவதும் வித்வத்துதான். என்னைக் கேட்டால் அதுவே கடினம்.

சரஸ்வதி தேவியின் இயற்பெயர் குர்ஷித் மினோச்சர் ஹோம்ஜி. பம்பாய் பார்சி. தங்கை மானெக்கோடு வானொலியில் பாடிக்கொண்டிருந்தவரை தயாரிப்பாளர் ஹிமான்ஷு ராய் தம் பாம்பே டாக்கீஸுக்கு அழைத்துக்கொண்டார். எங்கள் பெண்கள் சினிமாவுக்குப் போவதா என்று பார்சி சமூகத்தில் கடும் எதிர்ப்பு. அக்காள் சரஸ்வதி தேவி ஆனார். தங்கை சந்திரபிரபா ஆனார்.

1935இல் ‘ஜவானி கி ஹவா’ படப்பிடிப்பில் சந்திரபிரபாவுக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. அக்காள் காமிராவுக்கு அப்பால் நின்று பாட, தங்கை வாயசைத்தார். அதே ஆண்டில் கல்கத்தாவின் நியூ தியேட்டர்ஸ் ஸ்டூடியோ பாட்டை முன்கூட்டியே பதிவுசெய்து படமாக்கும் முறையைக் கொண்டுவந்துவிட்டது.

இந்திப் படத்தின் முதல் பெண் இசையமைப்பாளர் இவர்தான் என்று அடிக்கடி எழுதுகிறார்கள். அது சரியல்ல. நர்கிஸின் தாயார் ஜத்தன்பாய் 1935இலேயே இசையமைத்திருக்கிறார். ஒரு பெரிய ஸ்டூடியோவின் இசைப் பொறுப்பை ஆண்டுக்கணக்கில் தாங்கியவர் என்பதே சரஸ்வதி தேவிக்குரிய பெருமை. ‘கங்கன்’, ‘பந்தன்’, ‘ஜூலா’ என்று வரிசையாக வந்தன. ‘பந்தன்’ படத்தில் இசையமைக்க ராம்சந்திர பாலும் உடனிருந்தார். பிறகு வெளியே வந்து 1943இல் சோராப் மோடியின் ‘பிருத்வி வல்லப்’ படத்துக்கு இசையமைத்தார். அதற்குள் பின்னணிப் பாடகர்கள் வந்துவிட்டார்கள். நடிகரின் குரலுக்கு அளவெடுத்துத் தைக்கும் அவசியமே போய்விட்டது. 1980இல் காலமானார்.

அவர் அசோக் குமாருக்காகப் போட்ட ‘கோயி ஹம்தம் ந ரஹா’ 1936இன் ‘ஜீவன் நையா’ பாட்டு. அதைத் தம்பி கிஷோர் குமார் 1961இல் ‘ஜும்ரூ’ படத்தில் மறுபடி பாடினார். இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டுப் பாருங்கள். அண்ணன் மூச்சு வாங்கும் இடங்களில் தம்பி என்ன செய்கிறார் என்று கவனியுங்கள். வணக்கம்.