பெனால்டி அடிக்கும் முன் மரம் வரைந்தால் என்ன ஆகும்?

வணக்கம் நண்பர்களே. பின்னால் இருக்கும் பலகையில் இன்றைக்கு இரண்டு மரம் வரையப் போகிறேன். முதல் மரத்தைச் சீக்கிரம் முடித்துவிடலாம். இரண்டாவதுக்காகத்தான் இந்த வீடியோ.

முதல் மரம், வடாம். கூழ் கிண்டியாயிற்று, வானத்தில் மேகம் தெரிகிறது. மாடியில் பிழிவதா, வேண்டாமா? இரண்டு கிளை. பிழிந்தால் அங்கிருந்து மறுபடி இரண்டு கிளை: வெயில் அடிக்கலாம், மழை வரலாம். மழைக்குப் பத்தில் மூன்று வாய்ப்பு என்று வையுங்கள். காய்ந்தால் 500 ரூபாய்க்கு வடாம், நனைந்தால் 300 ரூபாய் நஷ்டம். நுனியிலிருந்து அடிக்குக் கணக்குப் போட்டுக்கொண்டு வாருங்கள். 500-இல் பத்தில் ஏழு பங்கு 350. 300-இல் பத்தில் மூன்று பங்கு 90. கழித்தால் 260 ரூபாய் லாபம் நிற்கிறது. பிழியாமல் விட்டால் சுழியம். அதனால் பிழியலாம். முடிவு மரம், அதாவது டிசிஷன் ட்ரீ, அவ்வளவுதான்.

இந்த மரம் ஏன் வேலை செய்கிறது? நீங்கள் வடாம் பிழிந்தது மழைக்குத் தெரியாது. உங்கள் மாடியைப் பார்த்துவிட்டு அது பெய்வதில்லை. எதிரில் இருப்பது மழையாக இல்லாமல், உங்களைப் போலவே பலகையும் பேனாவும் வைத்திருக்கும் ஓர் ஆளாக இருந்தால் என்ன செய்வது? ஆட்டக் கோட்பாடு தொடங்குவது அங்கேதான். அதைக் காட்டக் கால்பந்துப் பெனால்டியை விட நல்ல உதாரணம் எனக்குக் கிடைத்ததில்லை.

சரி, இரண்டாவது மரம். பந்து கோல் கோட்டிலிருந்து 11 மீட்டரில் இருக்கிறது. கோலின் அகலம் 7.32 மீட்டர். மணிக்கு 100 கிலோமீட்டர் வேகத்தில் உதைத்தால் பந்து கோட்டைத் தொட 0.4 விநாடிதான். பந்து கிளம்பிய பிறகு பார்த்து, யோசித்து, ஒரு மூலைக்குப் பாய கோல்கீப்பருக்கு நேரம் கிடையாது. அதனால் அவரும் ஏறக்குறைய அதே நொடியில் ஒரு பக்கத்தைத் தேர்ந்தெடுத்தாக வேண்டும். மரத்தில் முதலில் உதைப்பவரின் கிளைகள், அப்புறம் கீப்பரின் கிளைகள். ஆனால் கீப்பர் தான் எந்தக் கிளையில் நிற்கிறோம் என்று தெரியாமல் நிற்கிறார். அதைக் காட்ட அவருடைய இரண்டு கணுக்களையும், அதாவது அவருடைய கிளைகள் பிரியும் இடங்களையும், ஒரு புள்ளிக்கோட்டால் இணைப்பார்கள். பலகையில் பாருங்கள், இந்தக் கோடு. பார்க்கச் சின்னதாக இருக்கிறது. ஆனால் இது விழுந்த பிறகு நுனியிலிருந்து அடிக்கு எண்ணும் பழைய வழி நின்றுபோகிறது. ‘வலது பக்கம் உதைப்பதே நல்லது’ என்று மரம் எனக்குச் சொன்னால், அதே மரத்தைக் கீப்பரும் வரைந்து வலது பக்கம் பாய்வார். உடனே வலது பக்கம் கெட்ட பக்கம் ஆகிவிடும்.

இதற்கு வழி உண்டு என்று கணித அறிஞர் ஜான் வான் நாய்மன் 1928-இலேயே நிரூபித்தார். ஒருவரின் லாபம் மற்றவரின் நஷ்டமாக இருக்கும் இருவர் ஆட்டத்தில், பக்கங்களைச் சரியான விகிதத்தில் கலந்து ஆடினால் எதிராளியால் உங்களை ஓர் அளவுக்குக் கீழே தள்ளவே முடியாது. எதிர்பார்க்கவே முடியாதபடி ஆடுவதும் கணக்குப் போட்டு எடுக்கும் முடிவுதான் என்பது முதலில் படித்தபோது எனக்குப் பெரிய ஆச்சரியம்.

காகிதத்தில் இருப்பது மைதானத்தில் நடக்கிறதா? ஸ்பெயினைச் சேர்ந்த பொருளாதார அறிஞர் இக்னாசியோ பலாசியோஸ் ஹுயெர்ட்டா 1,417 பெனால்டிகளைக் குறித்துவைத்து 2003-இல் ஆய்வாக வெளியிட்டார். வலது காலால் உதைப்பவருக்குத் தன் இடப் பக்கம் அடிப்பது இயல்பாக வரும், அதாவது கீப்பரின் வலப் பக்கம். இடது காலுக்கு அப்படியே மாறும். இதைப் பழகிய பக்கம், பழகாத பக்கம் என்று சொல்லிக்கொள்வோம்.

பழகிய பக்கம் உதைத்து, கீப்பரும் அதே பக்கம் பாய்ந்தால் 69.92 சதவீதம் கோல். கீப்பர் மறுபக்கம் போனால் 92.91. பழகாத பக்கம் உதைத்து, கீப்பரும் அங்கேயே வந்தால் 58.30 தான். கீப்பர் ஏமாந்தால் 94.97. இந்த நான்கு எண்ணை வைத்துக்கொண்டு ஒரு தாளில் நீங்களே போட்டுப் பார்க்கலாம். கீப்பர் எந்தப் பக்கம் போனாலும் அவருக்கு ஒரே பலன் கிடைக்கும்படி உதைப்பவர் கலக்க வேண்டும். அந்தச் சமன்பாட்டைத் தீர்த்தால், பழகாத பக்கம் 38.54 சதவீதம் உதைக்க வேண்டும் என்று வருகிறது. வீரர்கள் உண்மையில் உதைத்தது 39.98 சதவீதம். கீப்பர் அந்தப் பக்கம் பாய வேண்டியது 41.99, பாய்ந்தது 42.31.

கொஞ்சம் நிறுத்தி இதை மறுபடி பாருங்கள். அந்த வீரர்கள் யாரும் களத்தில் சமன்பாடு தீர்க்கவில்லை. ஒரு பக்கமே அடித்தால் எதிரணி கண்டுபிடித்துவிடும், மாற்றினால் பிழைக்கலாம் என்று வருடக்கணக்கில் அடிபட்டு அடிபட்டு அந்த விகிதத்துக்கு வந்து சேர்ந்திருக்கிறார்கள். இந்த நான்கு எண்களைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குப் புல்லரிக்கும்.

விகிதம் மட்டும் போதாது. வரிசையும் பிடிபடக் கூடாது. நம்மைப் போன்றவர்களிடம் ‘பூ, தலை என்று மனம்போனபடி சொல்லு’ என்றால், பூ வந்ததும் உடனே தலைக்குத் தாவுவோம். தேவைக்கு மேல் மாற்றி மாற்றிச் சொல்வோம். அதுவே ஒரு வடிவம், கவனமாகப் பார்ப்பவர் பிடித்துவிடுவார். ஆய்வில் இருந்த வீரர்களிடம் அந்தப் பழக்கம் தென்படவில்லை. போன முறை எந்தப் பக்கம் உதைத்தார் என்று தெரிந்தாலும் இந்த முறை எந்தப் பக்கம் என்று சொல்ல முடியவில்லை.

ஆனால் எல்லாரும் எல்லா நேரமும் இப்படி ஆடுவதில்லை. இன்னொரு ஆய்வு, மைக்கேல் பார்-எலி குழு 2007-இல் வெளியிட்டது. 286 பெனால்டிகள். பந்து நடுவில் வந்தது 28.7 சதவீதம். கீப்பர் நடுவிலேயே நின்றது 6.3 சதவீதம்தான். பாய்ந்து தோற்றால் ‘முயற்சி செய்தார்’ என்பார்கள், நின்று தோற்றால் ‘மரம்போல் நின்றார்’ என்பார்கள். அந்தப் பேச்சுக்குப் பயந்தே பாய்கிறார்கள் என்பது அவர்கள் சொன்ன விளக்கம். எனக்கு அது சரியாகவே படுகிறது. அலுவலகத்தில் பேசாமல் இருக்க வேண்டிய கூட்டத்தில் ஏதாவது சொல்லிவைக்கிறோமே, அதே பயம்தான்.

இப்போது நான் சொல்ல வந்த இரவுக்கு வருகிறேன். 2008 மே 21, மாஸ்கோ, லுஷ்னிகி அரங்கம். ஐரோப்பியக் கால்பந்து அணிகளின் சாம்பியன்ஸ் லீக் இறுதி ஆட்டம், மான்செஸ்டர் யுனைடெட் - செல்சி. நம் ஊரில் நள்ளிரவு தாண்டித்தான் ஆட்டமே தொடங்கியது. 1-1 என்று முடிந்து, கூடுதல் நேரமும் போய், கொட்டும் மழையில் பெனால்டி. ஆட்டத்துக்கு முன்பே பலாசியோஸ் ஹுயெர்ட்டாவின் குறிப்புகள் செல்சிக்குப் போய்ச் சேர்ந்திருந்தன. அதில் முக்கியமான ஒன்று: யுனைடெட் கீப்பர் எட்வின் வான் டெர் சார், உதைப்பவரின் பழகிய பக்கம் மற்றக் கீப்பர்களை விட அதிகமாகப் பாய்கிறார். அப்படியானால் வலது காலால் உதைப்பவர்கள் அவருடைய இடப் பக்கம் அடிக்க வேண்டும்.

ஒரு கீப்பர் சரியான கலவையிலிருந்து விலகினால் அது உங்களுக்குப் பணம். எதிராளி பிசகாத வரை கலந்து ஆடு, பிசகினால் அந்த இடத்தில் அடி. செல்சியின் முதல் ஆறு பேரும் பந்தை வான் டெர் சாரின் இடப் பக்கமே உதைத்தார்கள். ஐந்தாவதாக வந்த ஜான் டெரி அடித்திருந்தால் கோப்பை செல்சிக்கு. கீப்பர் எதிர்ப்பக்கம் போயேவிட்டார். ஆனால் டெரியின் கால் ஈரப் புல்லில் வழுக்கியது, பந்து கம்பத்தில் பட்டு வெளியே போனது. கணக்கு சரி, முடிவும் சரி, பலன் மட்டும் கிடைக்கவில்லை. நல்ல முடிவையும் நல்ல பலனையும் பிரித்துப் பார்க்கச் சொல்லித் தர எனக்கு இந்த ஓர் உதை போதும். டெரி தவறான முடிவு எடுத்தார் என்று யாராவது சொன்னால் இன்றைக்கும் சண்டைக்குப் போவேன்.

ஏழாவது ஆள் நிக்கோலா அனெல்கா. அவர் பந்தை வைக்கிறார். வான் டெர் சார் கையை நீட்டித் தன் இடப் பக்கத்தைக் காட்டுகிறார். ‘எல்லாரும் இங்கேதானே அடிக்கிறீர்கள்?’

அந்தக் கை நீட்டலில் மரமே மாறிவிட்டது. இதுவரை செல்சியிடம் மட்டும் இருந்த செய்தி இப்போது இரண்டு பேருக்கும் பொது. கீப்பருக்குத் தெரியும் என்பது அனெல்காவுக்குத் தெரியும். அது அவருக்குத் தெரியும் என்பது கீப்பருக்கும் தெரியும். அவர் இடப் பக்கம் பாயப்போகிறாரா, அப்படி நினைக்கவைத்து வலப் பக்கம் போகப்போகிறாரா? யோசிக்க யோசிக்க மாடிப்படிபோல் மேலே மேலே போய்க்கொண்டே இருக்கும், மேல்தளமே வராது. அனெல்கா பக்கத்தை மாற்றினார். கீப்பரின் வலப் பக்கம் உதைத்தார், அவருடைய பழகிய பக்கம். வான் டெர் சார் அங்கேயே பாய்ந்து தடுத்தார். 6-5, கோப்பை யுனைடெட்டுக்கு.

என் கருத்தைச் சொல்கிறேன். அந்த இடத்தில் கீப்பரின் மனதைப் படிக்க முயல்வதே வலை. கோட்பாடு தரும் பதில் வேறு: அவர் எங்கே காட்டினாலும் மாறாத ஒரு முடிவை, களத்துக்குள் நடந்து வருவதற்கு முன்பே, அதிர்ஷ்டத்திடம் ஒப்படைத்துவிட வேண்டும். உங்கள் முகத்தைப் பார்த்து அவரால் எதையும் கண்டுபிடிக்க முடியாது, ஏனென்றால் அது உங்கள் மனதிலிருந்து வந்ததே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை ஆடும் நண்பர்களுக்கு ஒரு செய்முறை. பெனால்டிக்கு நடக்கும் முன் வெளியில் இருக்கும் நண்பரிடம் போனில் விநாடி எத்தனை என்று கேளுங்கள். 0 முதல் 36 வரை இருந்தால் பழகிய பக்கம். 37 முதல் 59 வரை இருந்தால் பழகாத பக்கம். அறுபதில் முப்பத்தேழு, ஆய்வில் வந்த விகிதத்துக்கு மிக அருகில் இருக்கிறது. அப்புறம் கீப்பர் கையை எந்தப் பக்கம் நீட்டினாலும் பார்க்காதீர்கள். இருபது பெனால்டி இப்படி அடித்துவிட்டு, கீப்பர் எத்தனை முறை சரியான பக்கம் பாய்ந்தார் என்று எழுதி எனக்கு அனுப்புங்கள். அடுத்த வீடியோவில் அந்த எண்களை இதே பலகையில் போட்டுப் பார்ப்போம்.