துணிப் பஞ்சமா தம்பி?

நடுவர் ஐயாவுக்கும் தர்மபுரி மக்களுக்கும் வணக்கம். ராப் பாட்டு பாடுற ஹிப்-ஹாப் இசையில பெண் கலைஞர்களைக் கவர்ச்சிப் பொருளாக்குறது வியாபாரமா, அவங்க விருப்பமா? வியாபாரமே!

எதிரணித் தம்பி என்ன சொன்னாரு? "அந்தப் பொண்ணுங்களுக்குக் குரலுக்குப் பஞ்சமில்ல, துணிக்குத்தான் பஞ்சம்"னாரு. நீங்களும் கைதட்டினீங்க. தம்பி, அந்த இசை பொறந்ததே துணிக்காகத்தான்! 1973, ஆகஸ்ட் 11. நியூயார்க், பிராங்க்ஸ். சிண்டி கேம்ப்பெல்னு ஒரு பொண்ணு. பள்ளிக்கூடம் திறக்கப் போகுது, புதுத்துணி எடுக்கக் காசு வேணும். குடியிருந்த கட்டடத்துலயே கூடத்தை வாடகைக்குப் பிடிச்சு ஆட்டம் பாட்டம் வச்சா. பொண்ணுங்களுக்கு 25 சென்ட், பசங்களுக்கு 50. இசைத்தட்டு சுழற்ற அண்ணனைக் கூப்பிட்டா. அந்த அண்ணன் கூல் ஹெர்க்கை ஹிப்-ஹாப்போட தகப்பன்னு உலகம் கொண்டாடுது. தங்கச்சி பேரு இங்க எத்தனை பேருக்குத் தெரியும்? உடுத்த ஆசைப்பட்டவ தொடங்கி வச்ச இசை தம்பி அது. அதுல உடுப்பைக் குறைச்சது யாரு?

கேவலமான பேர் சொல்லி எங்களைக் கூப்பிடாதேன்னு 1993ல அமெரிக்க ராப் பாடகி குயீன் லத்தீஃபா பாடினாங்க. அந்தப் பாட்டுக்கு 1995ல கிராமி விருது. ஜனம் கேட்கலையா?

போன வருஷம் பென்னாகரம் பக்கம் திருவிழா, ஆடல் பாடல். மேடைக்குப் பின்னால ஒரு பொண்ணு, 19 வயசு இருக்கும், தயங்கித் தயங்கி வந்து, "அக்கா, ஒரு ஊக்கு இருக்குமா?"ன்னா. என்ன கேட்டா? தண்ணி கேட்கல. காசு கேட்கல. ஊக்கு! கூட்டிட்டு வந்தவரு ரவிக்கைக் கழுத்தை இறக்கித் தைக்கச் சொல்லியிருக்காரு. இப்படி ஆடினாத்தான் அடுத்த ஊர் வாய்ப்பாம். இப்ப சொல்லுங்க தம்பி, அவ விருப்பம் எது? ரவிக்கையா, ஊக்கா?

தாய்மார்களே, நம்மகிட்ட ஊக்கு எங்க இருக்கும்? தாலிக்கொடியில! கழட்டிக் கொடுத்தேன். கை நடுங்கக் குத்திக்கிட்டு, "அப்புறம் தர்றேன்க்கா"ன்னு மேடை ஏறினா. முன்வரிசையில விசில் பறக்குது. எனக்கு அந்த ஊக்கு மட்டும்தான் கண்ணுக்குத் தெரியுது. ஆட்டம் முடிஞ்சதும் வேன் கிளம்பிடுச்சு. ஊக்கு வரல. வர வேணாம், அவகிட்டயே இருக்கட்டும்.

என் பொண்ணுக்கு 14 வயசு. மொட்டை மாடியில நின்னு தமிழ்ல ராப் பாடிப் பழகுறா. நேத்து ராத்திரி வந்து, "அம்மா, நான் மேடை ஏறட்டுமா?"ன்னா. நடுவர் ஐயா, சரின்னு சொல்றதுக்கு முன்னாடி என் கை தாலிக்கொடியைத் தடவிப் பார்த்துச்சு, ஊக்கு இருக்கான்னு.