பூசாரிகளோடு ஒரு வழக்கு

(வங்கி ஓய்வூதியர்கள் நடத்திய ஓய்வூதியர் தினக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

மேடையில் வீற்றிருக்கும் தலைவர் அவர்களே, முழங்கால் வலியோடு மூன்று மாடி ஏறி வந்திருக்கும் முன்னாள் பொதுச்செயலாளர் அவர்களே, வாடகை வாங்காமல் மண்டபம் தந்த பெரியவர் அவர்களே (லிஃப்டையும் ஓட விட்டிருக்கலாம் ஐயா), வரவேற்புரையில் என்னைத் தேவைக்கு மேல் புகழ்ந்துவிட்ட தோழரே, குடும்ப ஓய்வூதியம் பெறும் சகோதரிகளே, வணக்கம்.

மூன்று விஷயம் பேசச் சொன்னார்கள்: கிராஜுட்டி என்கிற பணிக்கொடை, எடுக்காத விடுப்புக்கான சம்பளம், பென்ஷன். மூன்றுக்கும் ஒரே பழமொழிதான். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கமாட்டான்.

ஒரு கதை சொல்கிறேன். நம்மோடு இருந்த ஒரு ஹெட் கேஷியர், 2014இல் ஓய்வு பெற்றார். 36 வருட சர்வீஸ். கடைசிச் சம்பளம், பஞ்சப்படி சேர்த்து 39,000. 1972ஆம் வருடக் கிராஜுட்டி சட்டம் என்ன சொன்னது? சம்பளத்தை 26ஆல் வகு, 15ஆல் பெருக்கு, சர்வீஸால் பெருக்கு. 8,10,000 வருகிறது. முப்பது நாளில் கையில் கொடு என்றது. ஏழு மாதம் கழித்து வந்தது 7,02,000. மனுஷன் விடுவாரா? வாழ்நாள் முழுக்க எண்ணின கை! பேப்பரில் போட்டுப் பார்த்தார். 26க்குப் பதில் 30ஆல் வகுத்திருக்கிறார்கள். குறைந்தது எவ்வளவு? சரியாக 1,08,000. பூசாரிக்குக்கூட நூற்றெட்டில்தான் ஆசை பாருங்கள்!

கடிதம் போட்டார், பதில் இல்லை. மத்திய அரசு அலுவலகங்கள் இருக்கும் சாஸ்திரி பவனுக்குப் போய், கிராஜுட்டி வழக்கை விசாரிக்கும் மத்தியத் தொழிலாளர் உதவி ஆணையரிடம் மனு கொடுத்தார். வக்கீல் வைக்கவில்லை. வீட்டம்மா கட்டிக்கொடுத்த தயிர்சாதத் தூக்கோடு வாய்தாவுக்கு வாய்தா போனார். ஒருநாள் வங்கித் தரப்பில் வந்த அதிகாரி இவரைப் பார்த்ததும் எழுந்து நின்றுவிட்டார். பார்த்தால், இவர் கவுன்டரில் நோட்டு எண்ணக் கற்றுக்கொடுத்த பையன்! “அண்ணே, நீங்களா?” என்றார். நம்மவர் சொன்னாராம்: “தம்பி, நோட்டுக் கட்டை ரெண்டு தடவை எண்ணணும்னு சொல்லிக்கொடுத்தேனே, என் கட்டை ஒரு தடவைகூட எண்ணலையா?”

(கைதட்டல் அடங்க நேரமாயிற்று.)

பாக்கித்தொகை வந்தது, தாமதத்துக்கு 10 சதவீத வட்டியோடு. சாமி என்றைக்கோ கொடுத்தது. பூசாரி கையைப் பிரிக்க ஒன்றரை வருஷம்.

விடுப்புச் சம்பளம் பற்றி இன்னொரு நாள் பேசுகிறேன். தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார்.

பென்ஷனுக்கு வருவோம். 1982 டிசம்பர் 17 அன்று, நகாரா என்ற ஓய்வூதியர் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம், ஓய்வூதியம் முதலாளியின் தயவல்ல என்றது. அதனால்தான் இன்று இந்த விழா. அது மட்டுமா? 1979 மார்ச் 31 என்று தேதி குறித்து, அதற்கு முன் ஓய்வு பெற்றவன் வேறு, பின் பெற்றவன் வேறு என்று அரசு பிரித்ததையும் செல்லாது என்றது. நமக்கு என்ன நடக்கிறது? 1995 வங்கி ஓய்வூதிய விதிகளை எடுங்கள். 35ஆவது விதியிலேயே பென்ஷனைப் புதுப்பிக்கும், அதாவது சம்பள உயர்வுக்கு ஏற்பத் திருத்தும், பேச்சு இருக்கிறது. யாருக்கு? 1986 ஜனவரியிலிருந்து 1987 அக்டோபர் வரை ஓய்வு பெற்றவர்களுக்கு. அதோடு கதவு சாத்தியாயிற்று. ஒவ்வொரு ஊதிய ஒப்பந்தத்திலும் வேலையில் இருப்பவர் சம்பளம் ஏறுகிறது. நம் அடிப்படைப் பென்ஷன் ஓய்வு பெற்ற நாளில் எழுதின எண்ணிலேயே நிற்கிறது. ரிசர்வ் வங்கியில் ஓய்வு பெற்றவர்களுக்கு 2019இல் புதுப்பித்தார்கள். அந்தக் கோயிலில் பூசாரி மனம் இரங்கினார், நம் கோயிலில் மட்டும் ஏன் நடை திறக்கவில்லை?

சும்மா இருந்தால் எதுவும் வராது. குடும்ப ஓய்வூதியத்துக்கு 9,284 ரூபாய் என்ற உச்சவரம்பு 2021இல் போனதே, யாராவது இரக்கப்பட்டா கொடுத்தார்கள்? இந்தச் சகோதரிகள் போட்ட மனு எத்தனை, நடந்த நடை எத்தனை!

ஆகவே புதுப்பித்தல் கோரும் மனு வாசல் மேசையில் இருக்கிறது. பி.பி.ஓ. எண்ணை, அதாவது உங்கள் ஓய்வூதிய ஆணையின் எண்ணை, தெளிவாக எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். சாப்பாட்டுக் கூடம் இடதுபக்கம். மேசை அதற்கு முன்னாலேயே போட்டிருக்கிறோம், தற்செயலாக அல்ல.