முந்தானைப் பொம்மை அல்ல, கழுத்துத்துணிப் பொம்மை

நேயர்களுக்கு வணக்கம். ஏழையர் விடுதியில் இருக்கும் ஒரு தாயிடம் அவளுடைய கடைக்குட்டியைக் கூட்டி வருகிறார்கள். குழந்தைக்கு அவளை அடையாளம் தெரியவில்லை. மிரண்டு வளர்ப்புத் தாயிடம் ஒண்டுகிறது. பெற்றவள் தன் கழுத்துத்துணியை முடிந்து ஒரு பொம்மை செய்து நீட்டுகிறாள். நம் ஊர்த் தாயாக இருந்தால் முந்தானையை முடிந்திருப்பாள். குழந்தை அதையும் வாங்கவில்லை.

1913-இல் சுவீடனில் வந்த 'இங்கெபோர்க் ஹோல்ம்' என்ற மௌனப் படத்தில் இதைப் பார்த்தேன். தாயாக நடித்த ஹில்டா போர்க்ஸ்ட்ரோமின் கைகள் அந்தத் துணியை முடிந்ததை என்னால் மறக்க முடியவில்லை.

கதை எளியது. கடை வைத்திருந்த கணவன் காசநோயில் இறக்கிறான். கடை நொடிக்கிறது, அவள் உடலும் கெடுகிறது. நகராட்சி அவளை விடுதியில் சேர்த்து, பிள்ளைகளை வெவ்வேறு வீடுகளுக்கு அனுப்புகிறது. மகளுக்கு உடம்பு சரியில்லை என்று தெரிந்தும், போய்ப் பார்க்க விடுதி பணம் தர மறுக்கிறது. இரவில் தப்பி ஓடுகிறாள். போலீஸ் துரத்துகிறது.

இயக்குநர் விக்டர் ஷோஸ்ட்ரோம் 1912-இல்தான் படம் எடுக்க வந்தவர். தாயைச் சிறுவயதிலேயே இழந்தவர். கேமரா அசைவதே இல்லை. காட்சியை வெட்டி மாற்றுவதும் மிகக் குறைவு. பிள்ளைகள் பிரியும் நேரத்திலும் முகத்தை நெருங்கிக் காட்டி நம்மை அழவைக்க அவர் முயலவில்லை. துயரத்தில் இருப்பவரைச் சற்றுத் தள்ளி நின்று பார்ப்பதே மரியாதை என்று அவர் எண்ணியிருக்க வேண்டும். அவ்வளவு இளைய கலையில் அவ்வளவு நிதானம்!

நில்ஸ் க்ரூக் என்பவரின் நாடகம்தான் படமானது. ஏழையர் உதவி முறையின் கொடுமையைப் பற்றிச் சுவீடனில் பெரிய விவாதத்தைப் படம் கிளப்பியது. அங்கே ஏழைகளையும் அனாதைப் பிள்ளைகளையும், குறைந்த செலவில் பராமரிக்க முன்வருபவரிடம் ஏலத்தில் ஒப்படைக்கும் வழக்கம்கூட இருந்தது. 1918-இல் வந்த புதிய சட்டம் அதைத் தடை செய்தது. சட்டத்துக்குப் படம் மட்டுமே காரணம் என்று சொல்ல மாட்டேன்.

பொம்மையைக் குழந்தை மறுத்த அன்றே தாயின் மனம் பேதலித்துவிடுகிறது. பதினைந்து ஆண்டுகள் கழித்து மூத்த மகன் மாலுமியாகத் திரும்பி வருகிறான். அவள் அவனை அறியவில்லை. அவளுடைய இளவயதுப் புகைப்படத்தை எடுத்துக் காட்டுகிறான். படத்தைப் பார்க்கிறாள், அவன் முகத்தைப் பார்க்கிறாள். இறந்துபோன கணவனாக நடித்த ஆரோன் லிண்ட்கிரென்தான் இந்த மகனாகவும் நடித்திருக்கிறார்.