பள்ளிச் சமையலறை யார் பொறுப்பில்?

வானொலி நேயர்கள் அனைவருக்கும் வணக்கம். அரசுப் பள்ளியிலும் அங்கன்வாடியிலும் குழந்தைகளுக்கு உணவளிப்பது அரசின் கடமையா என்ற கேள்விக்கு இந்திய நீதிமன்றங்கள் விடை சொல்லி வெகு காலமாகிவிட்டது. அந்த உணவை யார் சமைப்பது, அதற்கான பணம் யார் கையில் சேர்வது என்ற வழக்குதான் இன்னும் ஓயவில்லை.

ராஜஸ்தானில் வறட்சியால் மக்கள் பட்டினி கிடக்க, இந்திய உணவுக் கழகத்தின் கிடங்குகளில் தானியம் குவிந்து கிடந்ததைச் சுட்டிக்காட்டி, மக்கள் சிவில் உரிமைக் கழகம் 2001 ஏப்ரலில் உச்ச நீதிமன்றத்தை நாடியது. அவ்வாண்டு நவம்பர் 28 அன்று பிறந்த இடைக்கால ஆணை, அரசு மற்றும் அரசு உதவி பெறும் தொடக்கப் பள்ளிகள் அனைத்திலும், நாளொன்றுக்குக் குறைந்தது 300 கலோரியும் 8 முதல் 12 கிராம் புரதமும் உள்ள சமைத்த உணவை, ஆண்டில் குறைந்தது 200 நாள் வழங்க வேண்டும் என்றது. அதுவரை பல மாநிலங்கள், மத்திய அரசின் 1995ஆம் ஆண்டு மதிய உணவுத் திட்டத்தின்படி மாதம் 3 கிலோ தானியத்தை அளந்து கொடுத்ததோடு நின்றிருந்தன. தானியத்தை மட்டும் கொடுத்தவரை இந்தச் சண்டைக்கு இடமில்லை. சமைக்க வேண்டும் என்றானதும் அடுப்பு, ஆள், கூலி, கொள்முதல் என ஒவ்வொன்றாக வந்தன. பின்னாலேயே ஒப்பந்ததாரர்களும் வந்தார்கள்.

இதை நீதிமன்றம் உணர்ந்திருந்தது. 2004 ஏப்ரல் 20 அன்று, பள்ளிச் சமையலர், உதவியாளர் நியமனத்தில் தலித்துகளுக்கும் பழங்குடியினருக்கும் முன்னுரிமை தரச் சொன்னது. அதே ஆண்டு அக்டோபர் 7 அன்று, அங்கன்வாடி உணவு வழங்கலில் ஒப்பந்ததாரர்களை ஈடுபடுத்தக் கூடாது, கிராம சமூகங்கள், சுயஉதவிக் குழுக்கள், மகளிர் மன்றங்கள் வழியாகவே இயன்றவரை செலவிட வேண்டும் என்று ஆணையிட்டது.

அந்த ஆணைக்கு மகாராஷ்டிரத்தில் என்ன நேர்ந்தது என்பதைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். அங்கன்வாடியிலிருந்து வீட்டுக்குக் கொடுத்தனுப்பும் சத்துணவு மாவைச் சுகாதாரமாகவும் நுண்சத்துகள் சேர்த்தும் தயாரிக்க வேண்டும் என்று காரணம் காட்டி, அரசு இயந்திர வசதி கொண்ட அமைப்புகளிடம் டெண்டர் கோரியது. அதை எதிர்த்த மகளிர் கூட்டுறவு அமைப்பு 2011இல் உச்ச நீதிமன்றத்தில் தோற்றது. ஆனால் தன் உணவு ஆணைகளைக் கண்காணிக்க அந்நீதிமன்றமே நியமித்திருந்த ஆணையர்கள், மகளிர் அமைப்புகள் என்ற பெயரில் ஒப்பந்தம் பெற்றவற்றின் பின்னால் தனியார் நிறுவனங்கள் இருந்ததை 2012இல் அம்பலப்படுத்தினார்கள். பெயர்ப் பலகையில் மகளிர் இருந்தார்கள். லாபம் வேறிடத்துக்குப் போனது. அடுத்து 2016இல் வந்த டெண்டரின் நிபந்தனைகளும் சிறு குழுக்களால் எட்ட முடியாதவையாக இருக்கவே, அவை மீண்டும் வழக்காடின. 2019 பிப்ரவரி 26 அன்று உச்ச நீதிமன்றம், பெரிய நிறுவனங்களுக்கு ஏற்றபடி வகுக்கப்பட்ட நிபந்தனைகள் இவை என்று கண்டு, அந்த ஒப்பந்தங்களை ரத்து செய்தது. அவற்றின் மதிப்பு 6,300 கோடி ரூபாய் என்று செய்தித்தாள்கள் எழுதின.

எதிர்த்தரப்பு வாதத்தையும் நான் எளிதாகத் தள்ளிவிட மாட்டேன். 2013 ஜூலையில் பீகாரின் சாப்ரா அருகே, பூச்சிக்கொல்லி கலந்த பள்ளி உணவை உண்டு 23 குழந்தைகள் இறந்தார்கள். அத்தகைய கொடுமைக்குப் பின், பல பள்ளிகளுக்கு ஒரே இடத்தில் சமைக்கும் நவீன மையச் சமையலறைதான் பாதுகாப்பானது என்று ஒருவர் சொன்னால் அதில் பொருள் இருக்கிறது. ஆயினும் பல கிலோமீட்டர் தொலைவில் சமைத்து வண்டியில் வரும் உணவில் பிழை நேர்ந்தால், அது ஒரே நாளில் நூற்றுக்கணக்கான பள்ளிகளைத் தொடும். மத்திய அரசின் வழிகாட்டுதல்கள், முதன்மையாகச் சமையலறைக்கு இடமில்லாத நகர்ப்புறங்களுக்கே மையச் சமையலறையை ஏற்கின்றன. 2015ஆம் ஆண்டு மதிய உணவு விதிகளோ, உணவு வராத நாளுக்குக் குழந்தைக்கு உணவுப் பாதுகாப்புப் படி தர வேண்டும் என்றும், தவறு மையச் சமையலறையுடையது என்றால் அத்தொகையை அதனிடமே வசூலிக்க வேண்டும் என்றும் கூறுகின்றன. இந்த விதி எத்தனை பெற்றோருக்குத் தெரியும் என்று எண்ணும்போது எனக்கு வருத்தமாகவே இருக்கிறது.

தமிழ்நாட்டில் 1982இல் விரிவாக்கப்பட்ட சத்துணவுத் திட்டத்தில் அமைப்பாளர், சமையலர், உதவியாளர் எல்லோரும் அரசு நியமித்தவர்கள். சமையலும் பள்ளியிலேயே நடக்கிறது. இங்கு சமையலை யாரிடம் கொடுப்பது என்ற டெண்டர் வழக்குகள் பெரிதாக எழாததற்கு அதுவே காரணம் என்று கருதுகிறேன். ஆனால் சமையலர் மதிப்பூதியமாக மத்திய அரசு வகுத்த தொகை 2009 முதல் மாதம் 1,000 ரூபாயிலேயே நிற்கிறது. அதற்கு மேல் தருவது அந்தந்த மாநிலத்தின் மனத்தைப் பொறுத்தது. அந்தத் தொகைக்கு ஆள் கிடைக்கவில்லை என்ற காரணத்தைக் காட்டியே சமையலறையை வெளியாருக்குக் கொடுக்கும் வாதம் பிறக்கிறது.

ஆகவே, ஒப்பந்ததாரருக்குத் தடை என்று தீர்ப்பில் எழுதினால் மட்டும் போதாது. விற்றுமுதல் எவ்வளவு, இயந்திரம் எது, எத்தனை வட்டாரங்களுக்கு ஒரே ஒப்பந்தம் என்று டெண்டரில் எழுதும் சில வரிகளிலேயே வெற்றியாளர் முடிவாகிவிடுகிறார். அந்த வரிகளை வெளியிடுமுன் கிராம சபையிலும் பள்ளி மேலாண்மைக் குழுவிலும் வைத்துப் படிக்க வேண்டும். குழந்தையின் தாய்க்கு அங்கே ஆட்சேபம் சொல்ல உரிமை வேண்டும். இன்று அவருக்கு உள்ள வழி, பெரும்பாலும் ஒப்பந்தம் கையெழுத்தான பின் உயர் நீதிமன்றம் போவதுதான்.