காந்தி அவ்வளவு வேகமாகவா நடந்தார்?

அடுத்த கேள்வி, ஆவணப்படம் எடுக்கும் நேயர் ஒருவருடையது. "தண்டி யாத்திரைக் காட்சியில் காந்தி ஓடுவது போல் நடக்கிறார். வேகத்தைக் குறைத்துவிடலாமா?"

குறைக்கலாம். எவ்வளவு என்பதில்தான் சிக்கல்.

அந்தக் காலத்தில் கேமராவைக் கையால் சுழற்றுவார்கள். வினாடிக்கு இரண்டு சுற்று, சுற்றுக்கு எட்டு பிரேம் (சுருளில் பதியும் ஒவ்வொரு தனிப் படமும் ஒரு பிரேம்), ஆக 16 பிரேம் என்பது ஒரு கணக்கு. கை சோர்ந்தால் அது குறையும், பரபரப்பில் கூடும். அதையே வினாடிக்கு 24 பிரேமாக ஓட்டினால் 60 வினாடி நடை 40 வினாடியில் முடிந்துவிடும். முதல் உலகப் போர்க் காட்சிகளைத் திரைப்பட இயக்குநர் பீட்டர் ஜாக்சன் 2018இல் புதுப்பித்தபோது, துண்டுக்குத் துண்டு வேகம் மாறியிருந்தது.

ஆனால் காந்தி உண்மையிலேயே வேகமாக நடப்பவர். 60 வயதில், 24 நாளில், ஏறக்குறைய 385 கிலோமீட்டர்! 'வயதானவர், மெதுவாகத்தானே நடப்பார்' என்று நாமாக நினைத்து வேகத்தைக் குறைத்தால், நாம் கற்பனை செய்த காந்திதான் திரையில் நடப்பார்.

நானும் இப்படி ஏமாந்திருக்கிறேன். உறவினர் வீட்டுத் திருமணப் படச்சுருள் ஒன்றை, மணமக்களின் நடை கண்ணுக்கு அழகாகத் தெரியும்வரை மெதுவாக்கினேன். தாரை வார்க்கும் காட்சி வந்தது. செம்பிலிருந்து தண்ணீர் நல்லெண்ணெய் போல் இறங்கியது! அன்றிலிருந்து மனிதர்களைப் பார்த்து வேகத்தை முடிவு செய்வதில்லை. கீழே விழும் பொருளைத் தேடுவேன். தண்ணீர், மாலையிலிருந்து உதிரும் பூவிதழ், தவறி விழும் குடை, எதுவானாலும் சரி. மனிதர் நடை ஆளுக்கு ஆள் மாறும்; புவியீர்ப்பு மாறாது.

அதற்கும் முன்னால் ஒரு வேலை இருக்கிறது. பிரதியை ஒவ்வொரு பிரேமாக நகர்த்திப் பாருங்கள். மூன்று பிரேமுக்கு ஒருமுறை முந்தைய படமே திரும்ப வருகிறதா? அப்படியானால் 16ஐ 24 ஆக்க யாரோ ஏற்கெனவே பிரேம்களை இரட்டித்திருக்கிறார்கள். காட்சி வெட்டி வெட்டி ஓடுவதற்கு அதுவே காரணம். உபரிப் பிரேம்களை நீக்கிய பிறகு வேகத்தில் கை வையுங்கள்.

இதையெல்லாம் நகலில் செய்யுங்கள். பிரேமுக்கு ஒரு படமாக ஸ்கேன் செய்த கோப்பு அப்படியே தனியாக இருக்கட்டும். 1940இல் காந்தி ஆவணப்படத்தை வெளியிட்ட ஏ.கே. செட்டியார், பல நாடுகளில் அலைந்து 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டினார். 35 மி.மீ. சுருளில் அடிக்கு 16 பிரேம், ஆக எட்டு லட்சம் படங்கள். 16 பிரேம் வேகத்தில் அது கிட்டத்தட்ட 14 மணி நேரம் ஓடும். 24 என்றால் ஒன்பதேகால் மணி நேரம். படங்களின் எண்ணிக்கையில் மாற்றமில்லை. வேகம் நாளை வருகிறவர் திருத்தக்கூடியது, தூக்கியெறிந்த பிரேம் திரும்ப வராது.

கணினி இட்டுநிரப்பும் இடைப் பிரேம்களும், பூசும் வண்ணமும் ஊகம்தான். அவற்றைப் பயன்படுத்தினால் அதைச் சொல்லிப் படத்திலேயே ஒரு வரி போட்டுவிடுங்கள்.