சோஃபாவைக் கவிழ்த்துப் பார்த்து வாங்குங்கள்

வணக்கம். எனக்குப் பின்னால் நீங்கள் காணும் இந்தச் சோஃபா சென்ற வாரம்தான் வீட்டுக்கு வந்தது. முன்பு இருந்தது பார்வைக்கு மிக அழகாக இருந்தும், இரண்டே ஆண்டுகளில் இருக்கை குழிந்து, மூட்டுவலி உள்ள என் அம்மா கைப்பிடியை ஊன்றியும் எழ முடியாதபடி ஆகிவிட்டது. ஆகவே, இம்முறை கடையில் எதையெல்லாம் சோதித்தேன் என்பதைச் சொல்கிறேன்.

முன்கால்களில் ஒன்றை மட்டும் அரை அடி தூக்கிப் பாருங்கள். மற்ற முன்காலும் உடனே எழுந்தால் உள்ளே இருக்கும் மரச்சட்டம் உறுதியானது. அது தரையிலேயே நின்று சோஃபா முறுக்கிக்கொண்டால், மூலைகளில் தாங்குகட்டை வைத்துப் பசையும் திருகும் இடாமல் வெறும் ஸ்டேப்ளர் பின்களால் இணைத்திருக்கக்கூடும். பிறகு கவிழ்க்கச் சொல்லி, அடித்துணியின் ஓரத்தைப் பிரித்துக் காட்டக் கேளுங்கள். மாவு போன்ற மரத்தூள் உதிர்ந்தால் அது பூச்சி அரித்த மரம், வேண்டவே வேண்டாம்.

என்னை ஏமாற்றியது ஃபோம்தான். கையால் அழுத்திப் பார்த்து அதன் தரத்தை அறிய முடியாது, ஏனெனில் கெட்டித்தன்மை வேறு, டென்சிட்டி வேறு. குறைந்த டென்சிட்டி ஃபோமையும் கெட்டியாகத் தயாரிக்க முடியும், ஆனால் அது விரைவில் அமுங்கிவிடும். டென்சிட்டி என்பது ஒரு கனமீட்டர் ஃபோமின் எடை, கிலோ கணக்கில். எனவே ஜிப்பைத் திறந்து ஃபோமை வெளியே எடுத்து, பயணப்பெட்டி நிறுக்கும் கொக்கித் தராசில் தொங்கவிட்டேன். இரண்டடிக்கு இரண்டடி, 5 அங்குலக் கனமுள்ள துண்டு 32 டென்சிட்டியானால் ஏறத்தாழ ஒன்றரைக் கிலோவும், 40 என்றால் 1.9 கிலோவும் இருக்க வேண்டும். ஒரு கடையில் 40 என்று சொல்லப்பட்டது 1.2 கிலோதான் இருந்தது. வருத்தத்துடன் வெளியேறினேன்.

உறையைப் பொறுத்தவரை, பாலியூரித்தேன் பூசிய மலிவு ரெக்சின் ஈரப்பதத்தில் நாளடைவில் செதில் செதிலாக உரியும் என்பதால், கடலோர ஊரில் வாழும் நான் நெருக்கமாக நெய்த துணியையே தேர்ந்தெடுத்தேன்.

அம்மாவையும் அழைத்துச் சென்று கால் மணி நேரம் உட்கார வைத்தேன். பாதங்கள் தரையில் முழுமையாகப் பதிந்தன. முதுகு சாய்ந்தபோது முழங்காலுக்குப் பின்னால் இரண்டு விரல் இடைவெளி இருந்தது. கை ஊன்றாமலே எழுந்தார். அதன் பிறகே, மரத்தின் பெயரையும் ஃபோமின் டென்சிட்டியையும் பில்லில் எழுதி வாங்கிக்கொண்டு பணத்தைச் செலுத்தினேன்.